குரலும் மனச்சான்றும்

1933ஆம் ஆண்டில் ஜேர்மனியில் ஒரு பாடசாலை அதிபர் பதவி இழந்தார். அவரது பெயர் பிரீட்றிக் சுவார்ஸ்கொப். தமது பாடசாலையில் நாஸிக் கட்சியார் கூட்டம் நடத்துவதற்கு அவர் இடமளிக்க மறுத்தார் என்று அக்குடும்பத்தின் வரலாற்றை எழுதியோர் கூறுகின்றனர். பதவி பறிக்கப்பட்டதோடு தண்டனை முடிவடையவில்லை. வேறெங்கும் ஆசிரியத் தொழில் புரிவதற்கும் அவருக்குத் தடை விதிக்கப்பட்டது. மருத்துவம் பயிலக் கருதியிருந்த மகளுக்குப் பல்கலைக்கழகத்தின் வாயில் அடைபட்டது. மகள் 1934இல் பேர்லின் இசைக் கல்லூரியிற் சேர்ந்தார். ஆறு ஆண்டுகள் கழிந்தன. 1940இல், தந்தையின் தொழில்வாழ்வை முறித்த அதே கட்சியில் அவர் உறுப்பினரானார். அவருக்குக் கிடைத்த உறுப்பினர் எண் 75,48,960.

இருபதாம் நூற்றாண்டின் தலைசிறந்த பாடகியருள் ஒருவராக உலகம் போற்றிய எலிசபெத் சுவார்ஸ்கொப்பே அம்மகள். ஒரே வீட்டில், ஒரே ஆட்சியின் முன், இருவேறு விடைகள் பிறந்தன. தந்தை மறுத்து இழந்தார். மகள் இணங்கிப் பெற்றார். இவ்விரு விடைகளுக்கும் இடையிலுள்ள தூரத்தையே இக்கட்டுரையில் நாம் அளந்துபார்க்க விரும்புகின்றோம். ஒரு பாடகியின் அந்தரங்கத்தைத் துருவுவது எமது நோக்கமன்று. 'நான் என் கலையை மட்டுமே செய்தேன்' என்று ஒரு கலைஞர் கூறுவாராயின், அந்தக் கூற்றின் பெறுமதி யாது என்பதே எமது வினா. 'நான் பாடம் மட்டுமே நடத்தினேன்' என்று ஓர் ஆசிரியரும், 'நான் கணக்கு மட்டுமே எழுதினேன்' என்று ஓர் எழுதுவினைஞரும் கூறக்கூடுமாதலால், இவ்வினா பாடகர்களோடு நின்றுவிடுவதில்லை.

முதலில் களத்தை விளங்கிக்கொள்ளல் வேண்டும். ஒப்பெரா எனப்படும் இசைநாடகம் ஜேர்மனியில் செல்வர் சிலரின் பொழுதுபோக்காக மட்டும் இருந்ததன்று. சிறு நகரங்களிலும் ஒப்பெரா அரங்குகள் இருந்தன. அரசோ மாநகரசபையோ அவற்றைப் பேணிற்று. பெண்குரல்களுள் மிக உயர்ந்த தொனியிற் பாடும் சொப்ரானோ பாடகி, மேடையில் இளவரசியாகவோ பணிப்பெண்ணாகவோ தோன்றினாலும், மேடைக்கு வெளியே ஒப்பந்தத்தின்படி சம்பளம் பெறும் ஊழியரே. எந்த வேடம் யாருக்கு என்பதை நிர்வாகம் தீர்மானிக்கும். எனவே அரசைக் கைப்பற்றியவர்கள் அரங்கையும் கைப்பற்றினார்கள் என்பதில் வியப்பில்லை. பேர்லினின் அரச ஒப்பெரா கோரிங்கின் ஆதிக்கத்திலும், சார்லொட்டன்பேர்க்கிலிருந்த மற்றை ஒப்பெரா பிரசார அமைச்சர் கோயபல்ஸின் ஆதிக்கத்திலும் வந்தன.

இந்தச் சார்லொட்டன்பேர்க் அரங்கிலேதான் சுவார்ஸ்கொப் 1938 ஏப்ரில் 15ஆந் திகதி முதன்முதலாக மேடையேறினார். வாக்னரின் 'பார்சிபல்' நாடகத்தில் மலர்க்கன்னியருள் ஒருத்தி வேடம். மிகச் சிறிய பாத்திரம். ஆனால் அக்கன்னி நின்று பாடிய மேடை எத்தகையது?

அதே அரங்கை 1933 வரை நடத்தியவர் கார்ல் ஏபேர்ட். நாஸிகள் ஆட்சிக்கு வந்ததும் அவர் நீக்கப்பட்டார். அங்கு வாத்தியக் குழுவை நடத்திய பிரிற்ஸ் ஸ்ரீட்றி யூதர், அவரும் வெளியேற்றப்பட்டார். நிர்வாகத்திற் பணியாற்றிய யூத இளைஞர் றுடொல்ப் பிங்கும் வெளியேற்றப்பட்டார். 1933 ஏப்ரில் 7ஆந் திகதி இயற்றப்பட்ட சட்டம் யூதரையும் அரசியல் எதிரிகளையும் அரச சேவையிலிருந்து அகற்ற வழிசெய்தது. அவ்வாண்டின் இறுதிப் பகுதியில் நிறுவப்பட்ட கலாசார மன்றம், தன்னில் உறுப்புரிமை பெறாத எவரும் மேடையேறவோ வாத்தியம் வாசிக்கவோ இயலாதவாறு செய்தது. யூதர்களுக்கு அவ்வுறுப்புரிமை மறுக்கப்பட்டது.

அவ்வரங்கில் பல்லாண்டு பாடிய இன்னொரு சொப்ரானோவின் பெயரையும் நாம் இங்கே குறிப்பிட வேண்டும். அவர் ஹென்றியெற்றே கொட்லீப். 1884இல் பேர்லினிற் பிறந்தவர். வாக்னரின் பாடல்களிற் சிறந்தவர். வாக்னர் விழா நடைபெறும் பைரொய்த் நகரிலும் பாடியவர். வாக்னரைத் தம் குலதெய்வமாகக் கொண்டாடிய ஆட்சி, வாக்னரைப் பாடிய இப்பெண்மணியை, யூதர் என்ற ஒரே காரணத்திற்காகப் போலந்தின் லொட்ஸ் நகரிலிருந்த யூதச் சேரிக்கு நாடு கடத்திற்று. 1942இன் தொடக்கத்தில் அவர் அங்கே மாண்டார். அதே காலத்தில் சுவார்ஸ்கொப் சார்லொட்டன்பேர்க்கில் ஏற்றம் பெற்றுக்கொண்டிருந்தார். கார்ல் போமின் அழைப்பு வியன்னாவிலிருந்து வந்தது. பிரசார அமைச்சின் பிடியிலிருந்த திரைப்படத் தொழிலும் அவருக்கு இடமளித்தது.

இவ்விருவரும் ஒருவரையொருவர் அறிந்திருந்தனரா என்பது இங்கு முக்கியமன்று. ஒரு சமுதாயத்தில் இடங்கள் திடீரெனக் காலியாகும்போது, அவை ஏன் காலியாயின என்று வினவாமல் அவற்றில் அமர்வது எத்தகைய செயல் என்பதே முக்கியம். கொட்லீப்பை நாடு கடத்தியவர் சுவார்ஸ்கொப் அல்லர். அவர் ஒருவரையும் காட்டிக்கொடுத்தார் என்று நாம் குற்றஞ்சாட்டவுமில்லை. ஆனால் அநீதி என்பது அதனைச் செய்பவனால் மட்டும் நிலைபெறுவதில்லை. அதன் பயனை அமைதியாகப் பெற்றுக்கொள்வோரின் பெருந்தொகையே அதற்கு நிலைக்களமாகின்றது. 75 இலட்சத்தைத் தாண்டிய அந்த உறுப்பினர் எண் இதையே கூறுகின்றது.

இனி, அவர் தரப்பு நியாயத்தையும் நேர்மையாகக் கேட்போம். பல்லாண்டுகள் தமது உறுப்புரிமையை மறுத்துவந்த சுவார்ஸ்கொப், 1980களின் தொடக்கத்தில் ஒஸ்திரிய வரலாற்றாசிரியர் ஒலிவர் றத்கொல்ப் ஆவணங்களை வெளிக்கொணர்ந்த பின்னர் அதனை ஏற்றுக்கொண்டார். 1983இல் நியூயோர்க்கின் முன்னணி நாளேடொன்றுக்கு எழுதிய கடிதத்தில், அது தொழிற்சங்கமொன்றில் சேர்வதைப் போன்றதே, வேலைக்காகச் செய்ததே என்னும் பொருள்பட விளக்கமளித்தார்.

மனிதனின் வாழ்நிலையே அவனது உணர்வை உருவாக்குகின்றது என்று கூறும் நாம், இவ்விளக்கத்தை எள்ளி நகையாடி ஒதுக்கிவிட முடியாது. தந்தை வேலையிழந்தவர். கல்வியின் வாயில் ஒருமுறை அடைபட்டுவிட்டது. மற்றைய வாயிலும் அடைபடலாகாதே என்னும் அச்சம் 24 வயதுப் பெண்ணொருத்திக்கு இருந்திருப்பின் அதனைப் புரிந்துகொள்ளலாம். பசியை அறியாதவர்களே பசித்தவனுக்கு விரைந்து அறவுரை கூறுவர்.

ஆயினும் அவர் கையாண்ட உவமையே அவருக்கு எதிராகச் சாட்சி சொல்கின்றது. ஜேர்மனியத் தொழிற்சங்கங்களுக்கு நேர்ந்த கதி என்ன? 1933 மே 2ஆந் திகதி, மே தினத்துக்கு மறுநாள், நாஸிப் படையினர் நாடெங்கும் தொழிற்சங்க அலுவலகங்களுட் புகுந்து அவற்றைக் கைப்பற்றினர், தலைவர்களைச் சிறையிலிட்டனர், சங்கச் சொத்துக்களைப் பறித்தனர். தொழிற்சங்கங்களைக் கொன்ற கட்சியில் சேர்ந்ததைத் தொழிற்சங்கத்தில் சேர்ந்ததற்கு ஒப்பிடுவது எத்துணைக் கொடிய முரண்! தொழிலாளி தன் தோழனுடைய வேலை பறிபோகாதிருக்கச் சங்கத்திற் சேர்கின்றான். சுவார்ஸ்கொப் சேர்ந்த கட்சியோ தோழரின் வேலையைப் பறித்து அதனை எஞ்சியோருக்குப் பகிர்ந்தளித்தது. இரண்டிலும் உறுப்பினர் அட்டை உண்டு என்பதைத் தவிர ஒற்றுமை ஏதுமில்லை.

மேலும், கட்சியிற் சேராமல் இசைத்தொழில் நடத்தவே முடியாதிருந்ததா? கலாசார மன்றத்தின் உறுப்புரிமை கட்டாயமானது. கட்சியின் உறுப்புரிமை அவ்வாறன்று. பேர்லின் பில்ஹார்மோனிக் வாத்தியக் குழுவிலே கூடக் கட்சி உறுப்பினர்கள் சிறுபான்மையினராகவே இருந்தனர். எரிக் கிளைபர் யூதரல்லர். எனினும் 1934 டிசம்பரில், இசையின் மீது சுமத்தப்பட்ட அடக்குமுறையை ஏற்க மறுத்துப் பேர்லின் அரச ஒப்பெராவிலிருந்து விலகினார். பிரிற்ஸ் புஷ் யூதரல்லர்; டிரெஸ்டனில் நாஸிகளால் விரட்டப்பட்ட அவர் அவர்களோடு சமரசம் செய்யாமல் நாட்டைவிட்டு வெளியேறினார். 1934இல் இங்கிலாந்தின் கிளைண்ட்போர்ண் என்னும் சிற்றூரில் அவரும் ஏபேர்ட்டும் புதியதோர் ஒப்பெரா விழாவுக்கு உயிரூட்டினர். இவர்கள் ஏற்கெனவே புகழ்பெற்றவர்கள், வெளிநாடுகள் இவர்களை வரவேற்றன என்று மறுமொழி கூறலாம். அது உண்மையே. பெயரற்ற இளம் பாடகிக்கு அத்தகைய வழி எளிதன்று. எனவே கிளைபர் செய்ததை அவர் செய்யவில்லை என்று நாம் குறைகூறவில்லை. நாட்டைவிட்டு ஓடாமை ஒன்று. ஆள்வோரின் கட்சிக்கு விண்ணப்பம் எழுதுதல் மற்றொன்று. முன்னையது இயலாமை. பின்னையதிற் பெரும் பங்கு ஆசை.

இவ்விடத்தில், வேறொரு பாடகியை எதிர்நிறுத்தித் தீர்ப்பை எளிதாக முடித்துவிட எமக்கு ஆசை எழுகின்றது. லொட்டே லேமனும் ஜேர்மனியிற் பிறந்த சொப்ரானோவே. 1888இல் பெர்லபேர்க் நகரிற் பிறந்த அவர் வியன்னாவின் பெருமையாகத் திகழ்ந்தார். இசையமைப்பாளர் றிச்சார்ட் ஸ்ட்ரௌஸின் பல பாத்திரங்களுக்கு முதற்குரல் அளித்தார். கோரிங் தம்மை அழைத்துப் பொன்னும் பொருளும் தருவதாகக் கூறி, ஜேர்மனியில் மட்டுமே பாடவேண்டும் என்று நிபந்தனை விதித்ததாகவும், தாம் அதனை மறுத்ததாகவும் அவர் பின்னாளில் எழுதினார். 1938இல் ஒஸ்திரியா ஹிட்லர் வசமானபின் அமெரிக்காவைத் தம் புகலிடமாக்கிக்கொண்டார். இதைவிடப் பொருத்தமான எதிர்நிலை வேறெங்கு கிடைக்கும்? ஒருத்தி விலைபோனாள், மற்றொருத்தி விலைபோகவில்லை என்று எழுதிக் கட்டுரையை முடித்துவிடலாம்.

ஆனால் வரலாறு எமது வசதிக்காக நடந்ததன்று. 2008இல் வெளிவந்த மைக்கேல் காற்றர் என்னும் வரலாற்றாசிரியரின் நூல், லேமனின் கதை பெரிதும் மெருகூட்டப்பட்டது என்று ஆவணங்களைக் கொண்டு காட்டியது. அந்த ஒப்பந்தத்தைப் பெறுவதில் லேமன் விருப்பங் காட்டினார். பேரம் முறிந்த பின்னரே ஜேர்மனியின் கதவு அவருக்கு மூடப்பட்டது. அவரது கணவரின் முதல் மனைவி யூதப் பெண்; அவர் வயிற்றுப் பிள்ளைகளுக்கு நேரவிருந்த ஆபத்தும் லேமனின் பாதையை வகுத்தது. அதனால் லேமனும் சுவார்ஸ்கொப்பும் ஒன்றே என்று நாம் கூற வரவில்லை. ஒருவர் நாஸிகளின் மேடையை இழந்து வேற்று நாட்டில் வாழ்வைக் கட்டியெழுப்பினார்; பிள்ளைகளைக் காத்தார். மற்றவர் அம்மேடையில் வளர்ந்தார். ஆனால் இருவரும் பின்னாளில் தத்தம் கடந்த காலத்தைத் திருத்தி எழுதினர். ஒருவர் இருந்ததை மறைத்தார். மற்றவர் இல்லாததைச் சேர்த்தார்.

இதிலிருந்து நாம் பெறும் பாடம் யாது? தூயவர்களைத் தேடி அலைவது அறவியலாகாது. தூயவரென்று நாம் போற்றியவர் சிறிது கறைபட்டவராகக் காணப்படும் நாளில், 'எல்லாரும் இப்படித்தான்' என்ற சோர்வு எம்மைப் பற்றிக்கொள்ளும். அச்சோர்வே கொடுங்கோலனுக்கு மிகவும் பயன்படும் மனநிலை. ஆளை ஒதுக்கிவைத்துச் செயலை ஆராய்வதே நேரிய வழி. எது கட்டாயம், எது விருப்பம்? பெற்றது என்ன, அது யாரிடமிருந்து பறிக்கப்பட்டது? ஆபத்து நீங்கிய பின்னர் உண்மை கூறப்பட்டதா? இம்மூன்று வினாக்களையும் எந்தக் கலைஞரின் முன்னும், எம் முன்னும், வைக்கலாம்.

மூன்றாவது வினாவே சுவார்ஸ்கொப்பின் வாழ்வில் மிகவும் உறுத்துவது. போர் 1945இல் முடிந்தது. வேலை பறிபோகும் என்ற அச்சம் பின்னர் படிப்படியாக மறைந்தது. 1946இல் வியன்னாவில் இங்கிலாந்தின் இசைத்தட்டுத் தயாரிப்பாளர் வால்ற்றர் லெக் அவரது குரலைச் சோதித்தார். ஹூகோ வொல்ப் இயற்றிய மிகச் சிறிய பாடலொன்றை ஒரு மணி நேரத்துக்கு மேலாகச் சொல் சொல்லாகத் திரும்பத் திரும்பப் பாடச்செய்தார். பின்னர் 1953இல் இருவரும் மணம் புரிந்தனர். 1951இல் பைரொய்த் விழா மீண்டும் தொடங்கியபோது பூர்ட்வெங்லர் நடத்திய பேத்தோவனின் ஒன்பதாம் சிம்பனியில் சுவார்ஸ்கொப் பாடினார்; அதே ஆண்டு வெனிஸில் ஸ்ட்ராவின்ஸ்கியின் புதிய ஒப்பெராவில் கதாநாயகி வேடம் பூண்டார். ஸ்ட்ரௌஸின் 'றோசென்கவாலியர்' நாடகத்தில் வரும் தளபதியின் மனைவி வேடம் அவருக்கே உரியது என்று மேற்குலகம் கொண்டாடியது. பாட்டின் ஒவ்வொரு சொல்லுக்கும் தனி நிறமும் எடையும் தருவதே அவரது கலையின் சிறப்பு. ஓர் உயிரெழுத்தின் நீட்சியிலே ஏக்கத்தையும் இன்னொன்றின் குறுக்கத்திலே ஏளனத்தையும் காட்டவல்லவர். பாடலின் சொல்லை இத்துணை நுட்பமாக நிறுத்துப் பார்த்தவர், தம் சொந்த வாழ்வைப் பற்றிய சொற்களை நிறுக்க மறுத்தார். நேச நாடுகளின் விசாரணைப் படிவங்களில் தொடங்கிய மழுப்பல் ஏறத்தாழ நாற்பது ஆண்டுகள் நீடித்தது.

அவர் மட்டுமா மழுப்பினார்? இல்லை. நாஸிக் கட்சியில் உறுப்பினராக இருந்த ஹேர்பேர்ட் வொன் கரயான் 1955 முதல் 1989 வரை பேர்லின் பில்ஹார்மோனிக்கின் தலைவராக வீற்றிருந்தார். கெடுபிடிப்போர் தொடங்கியதும் மேற்கத்திய அரசுகளுக்குப் பழையதை மறப்பது வசதியாயிற்று. இசைத்தட்டு முதலாளிகளுக்கு நட்சத்திரங்கள் தேவைப்பட்டனர். சந்தை கேள்வி கேட்பதில்லை. ஆனால் மனிதர் சிலர் மறக்கவில்லை. சார்லொட்டன்பேர்க்கிலிருந்து விரட்டப்பட்ட அந்த றுடொல்ப் பிங் 1950இல் நியூயோர்க் மெற்றோபொலிற்றன் ஒப்பெராவின் முகாமையாளரானார். ஐரோப்பாவெங்கும் முடிசூடிய சுவார்ஸ்கொப் அம்மேடையில் முதன்முதலாகக் கால் வைத்தது 1964இலேதான். அவ்வளவு தாமதத்துக்குப் பழைய நினைவே காரணம் என்று பலரும் கருதினர்.

தம்மைக் குடைந்தோருக்கு மறுமொழியாகச் சுவார்ஸ்கொப் புச்சினியின் 'தொஸ்கா'வை நினைவூட்டுவதுண்டு. கலைக்காகவே வாழ்ந்தேன் என்று அந்நாடகத்தின் நாயகி பாடுகின்றாள். அவளும் பாடகியே. ஆனால் அவள் அதனை எங்கே நின்று பாடுகின்றாள்? கொடிய பொலிஸ் அதிபதியின் அறையிலே. அவளுடைய காதலன் சித்திரவதை செய்யப்பட்டு மரணத்தீர்ப்புப் பெற்றிருக்கின்றான். அவனை விடுவிக்க அவளது உடலை விலையாகக் கேட்கின்றான் அந்த அதிகாரி. கலைக்காக வாழ்ந்த தன்னையும் அரசியல் விட்டுவைக்கவில்லையே என்பதே அப்பாட்டின் வேதனை. பாடி முடித்தபின் தொஸ்கா மேசைமீதிருந்த கத்தியை எடுத்து அந்த அதிகாரியைக் குத்துகின்றாள். அப்பாட்டைத் தம் கேடயமாக எடுத்தவர் அந்தக் காட்சியின் முடிவை மறந்துவிட்டார். கலைஞர் அதிகாரத்துக்கு அப்பாற்பட்டவர் என்று 'தொஸ்கா' கூறவில்லை. அவ்வாறு நம்பிய ஒருத்தி விழித்தெழும் கணத்தையே அது காட்டுகின்றது.

அவ்வாறாயின் சுவார்ஸ்கொப்பின் இசைத்தட்டுக்களை நாம் என்ன செய்வது? நல்ல கலை எல்லாக் குற்றத்தையும் கழுவிவிடும் என்பது ஒரு விடை. அழகைப் பாவமன்னிப்புச் சீட்டாக்கும் இவ்விடையை நாம் ஏற்கமாட்டோம். தட்டுக்களை உடைத்தெறிவோம் என்பது மற்றொரு விடை. அதனையும் நாம் ஏற்கமாட்டோம். நூல்களைக் கொளுத்தி இசையைத் தடைசெய்தவர்களின் வழி அது. மேலும், ஒரு பாட்டு பாடுபவரின் தனிச்சொத்தன்று. அதனை இயற்றிய கவிஞனும் இசையமைப்பாளனும், வாத்தியம் வாசித்த தொழிலாளர்களும், நூற்றாண்டுகளாக அம்மரபை வளர்த்த பெயரறியா மக்களும் அதற்கு உரியவர்கள். மோசார்ட் எந்தக் கட்சியின் உறுப்பினர் பட்டியலிலும் அடங்கான். ஆகையால் நாம் கேட்போம். கேட்கும்போது அறிந்துகொண்டே கேட்போம். சுவார்ஸ்கொப்பின் தட்டுக்குப் பக்கத்தில் ஹென்றியெற்றே கொட்லீப்பின் குரலையும் வைப்போம். அவர் பாடிய வாக்னர்ப் பகுதிகள் 1930 அளவில் இசைத்தட்டுக்களாகப் பதிவாகி இன்றும் எஞ்சியுள்ளன. ஒரே அரங்கின் இரு குரல்கள். ஒன்று 1971இல் பிரசெல்ஸில் ஒப்பெரா மேடைக்கும், 1979இல் சூரிச்சில் கச்சேரி மேடைக்கும் கைதட்டல்களிடையே விடை கூறிற்று. 1992இல் பிரித்தானிய அரசு அதற்குப் பட்டமளித்தது. 2006இல், 90ஆம் வயதில், ஒஸ்திரியாவின் மலைநாட்டில் அமைதியாக அடங்கிற்று. மற்றது லொட்ஸ் சேரியில் அடங்கிற்று. முதலாவதன் அழகை மறுக்காமல் இரண்டாவதன் மௌனத்தையும் கேட்கப் பழகுவதே பண்பட்ட செவிக்குரிய கடமை என்போம்.

எம்மைப் பற்றியும் ஒரு சொல். நெருக்கடி வராத நாளில் எல்லாரும் வீரரே. கொடுமை பெரும்பாலும் வாளோடு வருவதில்லை. ஒரு படிவத்தோடு வருகின்றது. கையொப்பமிட்டால் பதவியுயர்வு, இடாவிட்டால் சில்லறைத் தொல்லை என்ற அளவிலேதான் அது முதலில் தோன்றும். பக்கத்து நாற்காலி காலியாகும். அதில் எம்மை அமரச் சொல்வர். அப்போது நாம் பாடம் மட்டுமே நடத்துபவர், பரீட்சைக்கு மட்டுமே படிப்பவர் என்று ஒதுங்கிக்கொள்ள எம்மிடம் ஆயிரம் நியாயங்கள் இருக்கும். சுவார்ஸ்கொப் என்ற பெயரை நாம் நினைவிற்கொள்ள வேண்டியது அந்த வேளைக்காகவே. அவரைத் தூற்றுவதற்காக அன்று.

அவரது தந்தையை மாவீரராக்கவும் நாம் விரும்பவில்லை. ஒரு நாள் ஒரு கோரிக்கை வந்தது, அவர் இல்லை என்றார், அவ்வளவே. அதனால் ஆட்சி கவிழ்ந்துவிடவில்லை. அவர் வீடுதான் வறுமைப்பட்டது. மகளின் குரலை உலகெங்கும் கோடிக்கணக்கானோர் கேட்டனர். தந்தை கூறிய அந்த ஒரு சொல் எந்த இசைத்தட்டிலும் இல்லை. ஆயினும் அவ்வாண்டில் ஜேர்மனியின் ஒவ்வொரு பாடசாலையிலும் ஓர் ஆசிரியர் அதே சொல்லைக் கூறியிருந்தால், கொட்லீப் தமது முதுமையைப் பேர்லினிலேயே கழித்திருக்கக்கூடும்.